ஃப்ளோரன்ஸில் வழிகாட்டியோடு நடப்பது தண்டச் செலவா?

கேள்வி: 2025 செப்டம்பர் 2

அக்டோபர் கடைசியில் கணவரும் நானும் மாமியாரும் இத்தாலியில் ஃப்ளோரன்ஸ் போகிறோம். பழைய நகரம் சிறியது, ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு அரை மணி நேரத்தில் நடந்துவிடலாம் என்கிறார்கள். அப்படியிருக்க, ஆளுக்கு இவ்வளவு யூரோ கொடுத்து ஒருவர் பின்னால் நடப்பது தண்டச் செலவு என்பது கணவரின் கட்சி. கைப்பேசியில் வரைபடம் இருக்கிறது, படிக்கப் புத்தகம் இருக்கிறது. போய்வந்தவர்கள் சொல்லுங்கள்.

செப்டம்பர் 2, இரவு

தண்டச் செலவு இல்லை. எடுங்கள். அதுவும் முதல் நாள் காலையிலேயே எடுங்கள்.

உங்கள் கணவர் சொல்வதில் பாதி சரி. வழி தெரிந்துகொள்ள அந்த ஊரில் யாருக்கும் ஆள் துணை வேண்டாம். தெரு தப்பினாலும் நாலு எட்டு நடந்தால் பேராலயத்தின் செங்கல் குவிமாடம் கூரைகளுக்கு மேலே தெரிந்துவிடும், அல்லது ஆர்னோ ஆற்றங்கரை வந்துவிடும். வழிகாட்டிக்கு நாம் பணம் கொடுப்பது சுவர்களைப் படித்துக் காட்டுவதற்காக.

ஒரு மூலையைச் சொல்கிறேன். சாந்தா குரோச்சே ஆலயத்துக்கும் ஆற்றுக்கும் நடுவில் வியா தே நேரி என்று ஒரு குறுகலான தெரு. எந்நேரமும் சாண்ட்விச் கடை வாசலில் வரிசை நிற்கும். அந்தக் கூட்டத்தை ஒதுக்கிக்கொண்டு நான் தனியாகப் பலமுறை கடந்த தெரு அது. வழிகாட்டியோடு போன அன்றுதான் வியா சான் ரெமிஜோ சந்திக்கும் முனையில் நிமிர்ந்து பார்த்தேன். சுவரில் இரண்டு கற்கள். கீழே உள்ளது பழுப்பேறிய பழைய கல். அதில் அலை அலையாகக் கோடு செதுக்கி, ஒரு கை விரலை நீட்டி அந்தக் கோட்டைக் காட்டுகிறது. 1333 நவம்பர் 4 அன்று ஆர்னோ அதுவரை ஏறியது. அதற்கும் மேலே இன்னொரு கல். 1966 நவம்பர் 4. அறுநூற்று முப்பத்து மூன்று ஆண்டுகள் கழித்து அதே மாதம், அதே தேதி, அதைவிட உயரம். ஏறத்தாழ ஐந்து மீட்டர். வழிகாட்டி பெண்மணி மடக்கிய குடையை எட்டிப் பிடித்து உயர்த்திக் காட்டினார். குடையின் நுனிக்கும் மேலே இருந்தது அந்தக் கல்.

நான் வைத்திருந்த புத்தகத்திலும் 1966 வெள்ளம் பற்றி ஒரு பத்தி இருந்தது. படித்துத்தான் போயிருந்தேன். படித்திருந்தும் அந்த மூலையை அத்தனை முறை கடந்துபோயிருக்கிறேன் என்பதுதான் உங்கள் கணவருக்கு என் பதில்.

செப்டம்பர் 3, காலை

முதல் நாள் காலை என்று அழுத்திச் சொன்னதற்குக் காரணம் கேட்டிருக்கிறார்கள். முதல் நாளே பார்க்கக் கற்றுக்கொண்டால் மீதி நாட்களில் நீங்களே பார்ப்பீர்கள். அரண்மனைச் சுவர்களில் இரும்பு வளையம் குதிரை கட்ட, மேலே உள்ள கூண்டு தீப்பந்தம் செருக, வாசல் பக்கத்தில் உள்ள மிகச் சிறிய கல் வளைவு மது விற்க. இதை ஒரு முறை ஒருவர் சொன்னால் போதும், பிறகு ஊர் முழுக்கக் கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கும். கடைசி நாள் எடுத்தால், இத்தனை நாள் எதையெல்லாம் விட்டோம் என்ற கணக்குத்தான் மிஞ்சும்.

அருங்காட்சியகத்தையும் தெரு நடையையும் ஒரே டிக்கெட்டில் சேர்த்து விற்பார்கள். அதை எடுக்காதீர்கள். உஃபிட்ஸிக்குள் மூன்று மணி நேரம் நின்ற கால், அதற்குப் பிறகு தெருவில் எதையும் பார்க்க விடாது.

செப்டம்பர் 3, பிற்பகல்

மது வளைவு என்னவென்று இரண்டு பேர் கேட்டுவிட்டார்கள். விரிவாகவே சொல்லலாம், அது எனக்குப் பிடித்த விஷயம்.

ஃப்ளோரன்ஸின் பெரிய குடும்பங்களுக்கு வெளியூரில் திராட்சைத் தோட்டங்கள் இருந்தன. 1559இல் ஊரை ஆண்ட முதலாம் கோசிமோ காலத்தில், சொந்தத் தோட்டத்து மதுவை அவரவர் வீட்டிலிருந்தே விற்றுக்கொள்ளலாம் என்று அனுமதி வந்தது. மாளிகைக் கதவைத் திறந்து யார் யாரையோ உள்ளே விட முடியுமா? சுவரில் ஒரு குப்பி நுழையும் அளவுக்கு ஓட்டை போட்டார்கள். மேலே வளைந்து, கீழே தட்டையாக, ஒரு முழத்துக்கும் குறைவான உயரம், உள்ளே ஒரு மரக் கதவு. வாங்குபவர் தட்டுவார், காசும் காலிக் குப்பியும் உள்ளே போகும், நிரம்பிய குப்பி வெளியே வரும். நகரத்துக்குள் மட்டும் இப்படி நூற்றைம்பதுக்கு மேல் இருக்கின்றன. பல அடைபட்டுவிட்டன, சிலவற்றில் தபால் பெட்டியும் அழைப்பு மணியும் பதித்துவிட்டார்கள்.

1630களில் பிளேக் வந்தபோது இந்த ஓட்டைகள் பெரிய உதவியாக இருந்தன. ஆளை ஆள் தொடாமல் வியாபாரம் நடந்தது. காசைக் கையால் வாங்காமல் ஒரு தட்டில் ஏந்தி வினிகரில் நனைத்து எடுத்தார்கள். 2020இல் கொரோனா வந்தபோது ஒன்றிரண்டு கடைக்காரர்கள் அந்த ஓட்டைகளைத் திரும்பத் திறந்து காபியும் ஐஸ்கிரீமும் கொடுத்தார்கள்.

செப்டம்பர் 4

“குழு நடை எடுத்தேன், ஒன்றும் விளங்கவில்லை, காசு போனதுதான் மிச்சம்” என்று எழுதியிருக்கும் நண்பருக்கு: நம்புகிறேன். எனக்கும் நடந்தது. நாற்பது பேருக்கு மேல் சேர்த்த குழு, காதில் மாட்டிக்கொள்ளும் சிறிய ரேடியோ, கொடி பிடித்தவர் முன்னால் ஓட நாங்கள் பின்னால் ஓடினோம். முன்னால் இருப்பவர் தெருமுனை திரும்பிவிட்டால் காதில் கரகரவென்று இரைச்சல் மட்டும் வரும். அவர் எந்தச் சிலையைப் பற்றிப் பேசுகிறாரோ அந்தச் சிலைக்கு நாங்கள் வந்து சேரும்போது அவர் அடுத்த சிலைக்குப் போயிருப்பார். கடைசியில் ஒரு தோல் பொருள் கடைக்குள் கொண்டுபோய் விட்டார்கள். அங்கே செலவான நேரத்தில் ஒர்சான்மிக்கேலே ஆலயத்தைச் சுற்றி இரண்டு வலம் வந்திருக்கலாம். அந்தக் கோபம் எனக்கு இன்னும் போகவில்லை.

ஆகவே என் பரிந்துரை எல்லா நடைக்கும் பொருந்தாது. பத்துப் பேருக்கு மேல் குழு வேண்டாம். நீங்கள் மூன்று பேர் இருப்பதால், இன்னொரு குடும்பம் சேர்ந்தால் தனி வழிகாட்டியே வைத்துக்கொள்ளலாம். ஆளுக்கு ஆகும் செலவு பெரிய குழுவை விட மலையளவு கூடிவிடாது. முன்பதிவு செய்யும்போது இரண்டே கேள்வி கேளுங்கள்: குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர்? நடுவில் கடை நிறுத்தம் உண்டா? சுற்றி வளைத்துப் பதில் சொன்னால் விட்டுவிடுங்கள்.

வெனிஸில் 2024 முதல் ஒரு குழுவுக்கு 25 பேர்தான், ஒலிபெருக்கி கூடாது என்று விதி கொண்டுவந்துவிட்டார்கள். ஊர்க்காரர்களின் பொறுமை எங்கே போய் நிற்கிறது என்று அதிலிருந்து புரிந்துகொள்ளலாம்.

செப்டம்பர் 4, இரவு

இலவச நடை பற்றி: கட்டணம் இல்லை, முடிவில் நீங்கள் விரும்பியதைக் கொடுக்கலாம் என்பார்கள். அந்தக் காசில்தான் வழிகாட்டி வீட்டு வாடகை கட்டுகிறார். கொடுக்க மனமில்லாமல் அதில் போய் நிற்காதீர்கள். கூட்டம் அதிகம் என்பதைத் தவிர எனக்கு அதில் குறையில்லை.

இத்தாலியில் வழிகாட்டி வேலைக்கு உரிமம் வேண்டும். தேர்வு எழுதி வாங்க வேண்டிய உரிமம் அது. 2023 டிசம்பரில் வந்த சட்டம் அதை நாடு முழுமைக்கும் பொதுவான தேர்வாக மாற்றியது. அடையாள அட்டையைக் கழுத்தில் போட்டிருப்பார்கள். நுழைவாயில்களில் “வரிசையைத் தாண்டி அழைத்துப் போகிறேன்” என்று வருகிறவர்களின் கழுத்தைப் பாருங்கள்.

செப்டம்பர் 6

இழை கவிஞர் தாந்தே பக்கம் போய்விட்டது, அதில் ஒரு திருத்தம் அவசியம். “தாந்தே பிறந்த வீடு, அப்படியே இருக்கிறது, தவறவிடாதீர்கள்” என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார். தாந்தேயின் வீடு என்று பெயர்ப்பலகை மாட்டியுள்ள கட்டடம் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மத்தியகாலப் பாணியில் கட்டியது. அவர் குடும்பம் அந்தச் சுற்றுவட்டாரத்தில் குடியிருந்தது உண்மை. 1302இல் நாடுகடத்தப்பட்டார், திரும்பவே இல்லை, 1321இல் ரவென்னாவில் இறந்தார். சாந்தா குரோச்சேயில் அவருக்கு எழுப்பிய பெரிய கல்லறை வெறும் கல்; உள்ளே உடல் கிடையாது. ரவென்னாக்காரர்கள் கொடுக்க மறுத்துவிட்டார்கள். நியாயம்தான் என்பேன். உயிரோடு இருந்தவரை விரட்டிய ஊர் எலும்பை மட்டும் கேட்டால் எப்படி?

தாந்தேயைத் தேடுகிறவர்கள் தெருச் சுவர்களைப் பாருங்கள். அவருடைய காவிய வரிகளைப் பொறித்த கற்பலகைகள் நகரத்தில் முப்பதுக்கு மேல் உள்ளன. எந்த இடத்தை, எந்தக் குடும்பத்தை அவர் பாடினாரோ அங்கேயே பதித்திருக்கிறார்கள். எங்கள் வழிகாட்டி ஒவ்வொரு பலகையின் கீழும் நின்று வரியை வாய்விட்டுப் படித்தார். மனப்பாடமாகவே. அர்த்தம் பிறகு சொன்னார்.

டுவோமோ என்ற அந்தப் பேராலயத்தின் முகப்பு பற்றியும் ஒருவர் “அறுநூறு ஆண்டு பழமை” என்று எழுதியிருக்கிறார். ஆலயம் 1296இல் தொடங்கியது, குவிமாடம் 1420 முதல் 1436 வரை. வெள்ளை, பச்சை, இளஞ்சிவப்புப் பளிங்கில் பூ வேலை செய்த அந்த முகப்பு 1887இல் முடிந்தது. அதுவரை சில நூறு ஆண்டுகள் முன்பக்கம் மொட்டைச் சுவராக நின்றது. பக்கவாட்டுச் சுவரையும் முகப்பையும் அடுத்தடுத்துப் பாருங்கள், கல்லின் தேய்மானமே காட்டிக்கொடுத்துவிடும்.

செப்டம்பர் 6, சற்று நேரம் கழித்து

ஆலயத்தின் பின்புறம் தரையில் ஒரு வெள்ளைப் பளிங்கு வட்டம் இருக்கும். எழுத்து கிடையாது, விளக்கப் பலகை கிடையாது. குவிமாடத்தின் உச்சியில் உள்ள பொன் முலாம் பூசிய பந்து 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இடி விழுந்து உருண்டு வந்து விழுந்த இடம் அது. அந்த வட்டத்தின் மேல் நின்றுகொண்டுதான் எல்லோரும் குவிமாடத்தைப் படம் எடுக்கிறார்கள்.

செப்டம்பர் 8

மாமியாருக்கு முழங்கால் வலி என்று இன்றைக்குத்தான் சொல்கிறீர்கள். அம்மாவை அழைத்துப்போன அனுபவத்திலிருந்து சொல்கிறேன்.

தெருக்கள் சமதளம், மேடு பள்ளம் இல்லை. ஆனால் தரை முழுக்கப் பெரிய கற்பாளங்கள், இடுக்குகள் ஏற்றத்தாழ்வாக இருக்கும், மழை பெய்தால் வழுக்கும். ரப்பர் அடி உள்ள பழகிய செருப்பு அல்லது ஷூ. புதிதாக வாங்கிப் போட்டுக்கொண்டு போகவே கூடாது. குவிமாடத்தில் ஏற 463 படி, லிஃப்ட் இல்லை. அதை அவருக்குச் சொல்லாமல் விட்டுவிடுங்கள், ஆசைப்பட்டுவிடுவார்.

உட்கார இடம் கிடைக்காது என்று பயந்தேன். அதற்கும் வழிகாட்டிதான் பதில் சொன்னார். ஸ்ட்ரோட்சி, மெதிச்சி போன்ற பெரிய மாளிகைகளின் வெளிச்சுவரை ஒட்டி, தெருவைப் பார்த்தபடி நீளமாகக் கல் இருக்கை கட்டியிருக்கிறார்கள். நம் ஊர் வீட்டுத் திண்ணை மாதிரியேதான்: வீட்டுக்குச் சொந்தம், ஆனால் வழிப்போக்கர் யாரும் உட்காரலாம். ஊரை ஆண்ட மெதிச்சி குடும்பத்தைப் பார்க்க வந்தவர்கள் அதில் காத்திருந்தார்கள். ஸ்ட்ரோட்சி மாளிகை 1489இல் தொடங்கியது. அதன் இருக்கையில் அம்மா செருப்பைக் கழற்றிவிட்டு, காலை மடக்கி உட்கார்ந்து, கொண்டுவந்த முறுக்குப் பொட்டலத்தைப் பிரித்தார். வழிகாட்டிக்கும் ஒன்று கொடுத்தார். அதற்கப்புறம் அந்தப் பெண் எங்கே நின்றாலும் அம்மாவுக்கு ஒரு இருக்கையைப் பார்த்துவிட்டுத்தான் பேச ஆரம்பித்தார்.

தனி வழிகாட்டியின் அருமை இதுதான். நாற்பது பேர் குழுவில் அம்மா முதல் கால் மணி நேரத்திலேயே பின்தங்கியிருப்பார்.

செப்டம்பர் 9

ஒன்பது வயதுப் பையனோடு போகிறவர் கேட்டதற்கு. குழந்தைகளுக்குப் புதுச் சந்தை மண்டபத்திலிருந்து தொடங்குங்கள். அங்கே வெண்கலக் காட்டுப்பன்றி, மூக்கு மட்டும் தேய்ந்து தேய்ந்து பொன்னாக மின்னும். தடவினால் திரும்பவும் அந்த ஊருக்கு வருவோம் என்பது நம்பிக்கை. மண்டபத்தின் நடுத் தரையில் சக்கர வடிவில் ஒரு பளிங்குக் கல் உண்டு. வியாபாரத்தில் கடனைக் கட்டாமல் திவாலானவனை அங்கே கொண்டுவந்து, கால்சட்டையை இறக்கிவிட்டு, எல்லோரும் பார்க்க அந்தக் கல்லில் பின்புறத்தை மோத வைப்பார்கள். இதைக் கேட்டுச் சிரிக்காத பையன் இருக்க மாட்டான். வங்கித் தொழிலில் ஐரோப்பாவுக்கே கடன் கொடுத்த ஊர் திவாலை எப்படிப் பார்த்தது என்பதும் அவனுக்கு அங்கேயே விளங்கிவிடும்.

பிறகு ஒர்சான்மிக்கேலே. தானியச் சந்தையாக இருந்து ஆலயமான கட்டடம். வெளிச்சுவரில் 14 மாடங்கள், ஒவ்வொன்றும் ஒரு தொழிற்குழுவின் காவல் புனிதருக்கு. ஆயுதக் கொல்லர்கள் டொனாடெல்லோவிடம் புனித ஜார்ஜைச் செய்யச் சொன்னார்கள். கல், மரத் தச்சர்களின் மாடத்தில் நான்னி தி பாங்கோ செய்த நான்கு புனிதர்கள் நிற்கிறார்கள். எல்லோரும் அந்த நால்வரின் முகத்தைப் பார்ப்பார்கள். பையனைக் கீழே உள்ள புடைப்புச் சிற்பத்தைப் பார்க்கச் சொல்லுங்கள்: ஒருவர் சுவர் எழுப்புகிறார், ஒருவர் தூணைத் துளையிடுகிறார், ஒருவர் அளவு பார்க்கிறார், ஒருவர் ஒரு குழந்தைச் சிலையைச் செதுக்குகிறார். கூலி கொடுத்த கொத்தனார்கள், தாங்கள் வேலை செய்கிறபடியே தங்களையும் கல்லில் வைத்துக்கொண்டார்கள். அந்த ஊரில் எனக்கு மிகவும் பிடித்த சிற்பம் இது. மைக்கலாஞ்சலோவின் டேவிட் சிலை இரண்டாவதுதான்.

(வெளியே இப்போது நிற்பவை பிரதிகள். மூலச் சிலைகளில் பெரும்பாலானவை அதே கட்டடத்தின் மேல்மாடியில், டொனாடெல்லோவின் ஜார்ஜ் மட்டும் பார்ஜெல்லோ அருங்காட்சியகத்தில்.)

செப்டம்பர் 11

“வழிகாட்டிகள் சொல்வதில் பாதி கட்டுக்கதை” என்ற குற்றச்சாட்டு நியாயமானது. அதைத் தள்ளிவிட மாட்டேன், மூன்று நாளாக அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

பலாட்சோ வெக்கியோ என்ற பழைய அரண்மனையின் சுவர் மூலையில் ஒரு மனித முகம் கோடாகச் செதுக்கியிருக்கிறது. மைக்கலாஞ்சலோ சுவருக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டே பின்கையால் செதுக்கினார் என்று ஒவ்வொரு குழுவிலும் சொல்வார்கள். ஆதாரம் எதுவும் இல்லை. டுவோமோவின் பக்கவாட்டில் ஒரு மாட்டுத் தலை தெருவைப் பார்த்து நீட்டிக்கொண்டிருக்கும். அதற்கும் ஒரு கள்ளக்காதல் கதை உண்டு. பளிங்கை இழுத்துவந்த மாடுகளுக்கு நன்றியாக வைத்தார்கள் என்று இன்னொரு கதை.

எங்கள் வழிகாட்டி இரண்டையும் சொன்னார். சொல்வதற்கு முன்பே “இது ஊர்ப் பேச்சு” என்றும் சொன்னார். அடுத்து அரண்மனை முன்னால் உள்ள சதுக்கத்தில் சவொனரோலா என்ற துறவியின் வட்டக் கல்லருகே போனபோது குரலே மாறிவிட்டது: 1498 மே 23, இந்த இடம், தூக்கிலிட்டு எரித்தார்கள், சாம்பலை ஆற்றில் கொட்டினார்கள். அதற்கு ஓராண்டு முன்பு அதே சதுக்கத்தில் அவரைப் பின்பற்றியவர்கள் முகம் பார்க்கும் கண்ணாடி, விக், ஓவியம், புத்தகம் எல்லாவற்றையும் குவித்து எரித்தவர்கள். இரண்டு நெருப்புக்கும் கூடி நின்று பார்த்தது ஒரே ஊர் ஜனம். ஊர்ப் பேச்சு எது, ஆவணம் எது என்று பிரித்துச் சொல்கிற வழிகாட்டிக்கு நான் எவ்வளவு வேண்டுமானாலும் கொடுப்பேன். பிரிக்காதவரிடம் எனக்கும் பொறுமை இல்லை.

செப்டம்பர் 12

போன்டே வெக்கியோ ஏமாற்றம் என்கிறார்கள். நகைக்கடைகள்தானே என்கிறார்கள். 1345இல் கட்டிய பாலம். முதலில் இறைச்சிக் கடைகள் இருந்தன, 1593இல் ஆட்சியிலிருந்த முதலாம் ஃபெர்டினாண்டோ அவற்றை அப்புறப்படுத்திப் பொற்கொல்லர்களைக் கொண்டுவந்தார். கடைகளின் தலைக்கு மேலே போகும் நடைபாதை அதற்குள் கட்டியாகிவிட்டது. 1565இல் கட்டடக் கலைஞர் வசாரி ஐந்தே மாதத்தில் கட்டியது. ஆட்சியாளர் அலுவலகத்திலிருந்து அக்கரையில் உள்ள வீடு வரை தெருவில் கால் வைக்காமல் போகலாம். பாலத்தின் தென்முனையில் உள்ள கோபுரத்தை இடிக்க மன்னெல்லி குடும்பம் ஒப்புக்கொள்ளவில்லை, ஆகவே நடைபாதை அந்தக் கோபுரத்தைச் சுற்றி வளைந்து போகிறது. அந்த வளைவைக் கீழே நின்று பார்த்துவிடுங்கள். உள்ளே நடக்கவும் 2024 டிசம்பரிலிருந்து மீண்டும் அனுமதிக்கிறார்கள், தனி முன்பதிவு வேண்டும்.

பாலத்தின் இரு முனையிலும் உள்ள கட்டடங்கள் ஏன் புதிதாக, களையில்லாமல் இருக்கின்றன என்று கேட்ட நண்பருக்குச் சபாஷ். 1944 ஆகஸ்ட் 3 இரவு, பின்வாங்கிய ஜெர்மானியப் படை ஆர்னோவின் மற்றப் பாலங்களையெல்லாம் வெடி வைத்துத் தகர்த்தது. இதை மட்டும் விட்டுவிட்டு, இதற்குப் போகும் தெருக்களை இடித்துத் தள்ளியது. அடுத்த பாலமான சாந்தா திரினிதாவை ஆற்றிலிருந்து பொறுக்கியெடுத்த கற்களோடு திரும்பக் கட்டி 1958இல் திறந்தார்கள். அதன் மூலையில் நிற்கும் வசந்தப் பெண்ணின் சிலைக்குத் தலை மட்டும் கிடைக்கவில்லை. 1961இல் ஆற்று மணலிலிருந்து கிடைத்தது. கழுத்தில் ஒட்டிய கோடு தெரியும்.

செப்டம்பர் 12, இரவு

1944 பேச்சு வந்ததால் இதையும் சொல்லிவிடுகிறேன், நம்மவர்களில் பலருக்கு இது தெரியாது. அந்தக் கோடையில் ஃப்ளோரன்ஸை நோக்கி வந்த படைகளில் 8வது இந்தியப் பிரிவும் ஒன்று. நகருக்குத் தென்மேற்கே மான்டெகுஃபோனி கோட்டையில் உஃபிட்ஸியின் ஓவியங்களைப் போருக்குப் பயந்து ஒளித்து வைத்திருந்தார்கள். பொட்டிசெல்லியின் ‘பிரிமவேரா’வும் அதில் அடக்கம். கோட்டையில் வந்து தங்கியது மராட்டியக் காலாட்படை வீரர்கள். அந்த ஓவியங்கள் சேதமில்லாமல் நகருக்குத் திரும்பின. உஃபிட்ஸியில் அந்த ஓவியத்தின் முன் கூட்டத்தில் நிற்கும்போது எனக்கு அந்தச் சிப்பாய்கள்தான் நினைவுக்கு வந்தார்கள். எந்த வழிகாட்டியும் இதை எங்களிடம் சொல்லவில்லை. நான்தான் எங்கள் வழிகாட்டிக்குச் சொன்னேன், அவர் குறித்துக்கொண்டார்.

செப்டம்பர் 14

கோவாவில் புனித சவேரியார் கல்லறையைப் பார்த்தவர்கள் இங்கே நிறையப் பேர் இருப்பீர்கள். வெள்ளிப் பேழைக்குக் கீழே உள்ள பளிங்குப் பீடம் ஃப்ளோரன்ஸில் செய்தது. மெதிச்சி குலத்து மூன்றாம் கோசிமோவின் அன்பளிப்பு, ஃபொஜ்ஜினியின் கைவேலை, 1698இல் கோவாவில் பொருத்தினார்கள். அந்த ஆட்சியாளர்களின் வண்ணக்கல் பதிக்கும் பட்டறை 1588இலிருந்து ஃப்ளோரன்ஸில் இருக்கிறது. டேவிட் சிலை உள்ள அகாடெமியாவுக்குப் பக்கத்திலேயே அதன் சிறிய அருங்காட்சியகம். டேவிட்டைப் பார்க்க மணிக்கணக்கில் வரிசையில் நிற்கும் ஊரில் இங்கே கூட்டமே இருக்காது.

கோலாப்பூர் மகாராஜா பற்றி ஒருவர் கேட்டார். ஆம், உண்மை. ராஜாராம், இருபது வயது, இங்கிலாந்திலிருந்து திரும்பும் வழியில் 1870 நவம்பரில் ஃப்ளோரன்ஸில் இறந்தார். ஆர்னோவும் முஞ்ஞோனே சிற்றாறும் கூடும் இடத்தில் இந்து முறைப்படி தகனம் செய்ய நகராட்சி அனுமதி கொடுத்தது. 1874இல் அங்கே ஒரு மண்டபமும் அவருடைய மார்பளவுச் சிலையும் எழுந்தன. பக்கத்தில் உள்ள பெரிய பாலத்துக்கே ‘இந்தியர் பாலம்’ என்று பெயர். காஷினே பூங்காவின் மேற்குக் கோடி. பழைய நகரிலிருந்து நல்ல தூரம். நடை வழிகாட்டிகள் அங்கே போவதில்லை. தலைப்பாகையும் நகையுமாக அந்த இளைஞன் இத்தாலிய மரங்களுக்கு நடுவே இருப்பதைப் பார்க்க எனக்குத் தொண்டை அடைத்தது.

செப்டம்பர் 17

இன்னும் ஒரே ஒரு இடம். இதை விட்டுவிட்டு வராதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.

சாந்திஸ்ஸிமா அனுன்சியாத்தா சதுக்கத்தில் இன்னொசென்ட்டி குழந்தைகள் இல்லம். பட்டுத் தொழிற்குழு பணம் போட, 1419இல் கட்டடக் கலைஞர் புருனெல்லெஸ்கி தொடங்கினார், 1445இல் திறந்தார்கள். வளைவுகளுக்கு மேலே நீல வட்டங்களில் துணி சுற்றிய குழந்தைகள். சுற்றுலாப் பயணிகள் அதைப் படமெடுத்துவிட்டு நகர்ந்துவிடுவார்கள். தாழ்வாரத்தின் இடது கோடிக்குப் போங்கள். கம்பி போட்ட ஒரு சிறிய சன்னல். கம்பியின் இடைவெளியில் நுழைகிற அளவு சிறிய குழந்தையை, பெற்றவர்கள் இரவில் வந்து அதில் விட்டுவிட்டுப் போனார்கள். 1875இல்தான் அதை மூடினார்கள்.

உள்ளே அருங்காட்சியகத்தில் சிறு சிறு இழுப்பறைகள். ஒவ்வொன்றையும் நாமே இழுத்துத் திறக்கலாம். அந்தக் குழந்தைகளோடு வந்த அடையாளப் பொருட்கள்: பாதியாக வெட்டிய பதக்கம், உடைத்த காசு, ஒரு மணி, ஒரு துண்டு ரிப்பன். மறுபாதியைத் தாய் வைத்திருப்பாள், என்றைக்காவது வந்து பொருத்திக் காட்டி வாங்கிக்கொள்வோம் என்று. அம்மா நாலைந்து இழுப்பறை திறந்தார், பிறகு என்னைத் திறக்கச் சொல்லிவிட்டு எட்ட நின்று பார்த்தார். எங்கள் வழிகாட்டி அந்த அறையில் ஒன்றும் பேசவில்லை. எங்கே பேசக்கூடாது என்று தெரிந்திருந்தது அவருக்கு. கொடுத்த காசு அதற்கே தகும்.

செப்டம்பர் 20

கேள்வி கேட்டவர் அக்டோபர் 27 காலைக்குத் தனி வழிகாட்டியைப் பதிவு செய்துவிட்டதாக எழுதியிருக்கிறார். மகிழ்ச்சி. அன்று திங்கட்கிழமை, உஃபிட்ஸியும் அகாடெமியாவும் விடுமுறை, ஆகவே தெருவில் நடக்க அதைவிடப் பொருத்தமான நாள் கிடையாது.

இரண்டு எச்சரிக்கை. சந்திக்கும் இடத்தின் கதவு எண்ணைக் கவனியுங்கள். ஃப்ளோரன்ஸில் ஒரே தெருவில் இரண்டு எண் வரிசைகள் ஓடுகின்றன: கடைகளுக்குச் சிவப்பு எண், வீடுகளுக்குக் கறுப்பு அல்லது நீலம். முகவரியில் எண்ணுக்குப் பின்னால் ‘ஆர்’ எழுத்து இருந்தால் சிவப்பு. 25ஆம் எண் சிவப்பும் 25ஆம் எண் கறுப்பும் தெருவின் வெவ்வேறு கோடியில் இருக்கலாம். அடுத்தது, அக்டோபர் 26 ஞாயிறு அதிகாலை இத்தாலியில் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னுக்கு வைப்பார்கள். கைப்பேசி தானாக மாறிவிடும். மாமியாரின் கைக்கடிகாரத்தை நீங்கள்தான் மாற்ற வேண்டும்.